ஆறு கண்டங்களும் ஒரு நூல்கண்டும்

ஜேம்ஸ் பார்ட்லமனின் நினைவுக்குறிப்புகளைப் படிக்கும்போது, ஆள் இப்போது எந்த ஊரில் இருக்கிறார் என்று அடிக்கடி பக்கத்தைத் திருப்பிப் பார்க்க வேண்டியிருந்தது. கனடாவின் தூதராக ஊர் ஊராகப் போனவர். சரி, வரைபடத்தில் குத்தி வைத்துவிடலாம் என்று தெர்மாகோல், குண்டூசி, சிவப்பு நூலுடன் உட்கார்ந்தேன்.

முதல் வாரம் வீண். பசை அதிகமாகி ஆப்பிரிக்கா முழுக்கச் சுருக்கம்.

இரண்டாவது படத்தில் ஊசிகள் நின்றன. 1972-இல் வங்கதேசத்தில் கனடாவின் தூதரகத்தைத் திறந்தது, அப்புறம் கியூபா, இஸ்ரேல், பிரஸ்ஸல்ஸில் நேட்டோ, தென்னாப்பிரிக்கா, ஆஸ்திரேலியா, மறுபடியும் பிரஸ்ஸல்ஸ். கேப் டவுனுக்கு மட்டும் கறுப்புத் தலை ஊசி. 1999-இல் அங்கே ஹோட்டல் அறையில் கொள்ளைக்காரனிடம் கடுமையாக அடிபட்டார்; மனச்சோர்வு நெடுநாள் விடவில்லை.

நூலின் தொடக்க முனையைக் கட்டத்தான் இடமில்லை. அவர் வளர்ந்த போர்ட் கார்லிங், கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்துச் சிற்றூர், உலக வரைபடத்தில் ஏது? தனிச் சார்ட்டில் மஸ்கோகா ஏரிப் பகுதியை வரைந்தேன். அம்மா சிப்பேவா பூர்வகுடி, அப்பா வெள்ளைக்காரத் தொழிலாளி. வறுமை. ஊர்க் குப்பைமேட்டில் பொறுக்கிய காமிக்ஸ் புத்தகங்களில்தான் பையனுக்கு வாசிப்பு ருசித்தது. குப்பைமேட்டைப் பென்சிலால் வரைந்து, பக்கத்தில் நகத்தளவுக்குக் காமிக்ஸ் அட்டைகளை வண்ணம் தீட்டி ஒட்டினேன். ஒரு சாயங்காலம் முழுக்க அதற்கே போனது. தூதரகங்களுக்குக்கூட இவ்வளவு மெனக்கெடவில்லை. ஊர்ப்பெயருக்குக் கீழே 'ஓபஜெவனங்' என்று சிறியதாக எழுதினேன். குடியேறிகள் வருமுன் அங்கிருந்த ஒஜிப்வே பூர்வகுடிக் கிராமத்தின் பெயர்.

சிவப்பு நூல் 2002-இல் முடிந்துவிடும் என்று நினைத்திருந்தேன். அந்த வருடம்தான் அவர் ஒன்டாரியோவின் துணைநிலை ஆளுநரானார், பூர்வகுடியினரில் முதல் ஆளாக. முதல் நினைவுக்குறிப்புப் புத்தகம் வந்ததும் அதே வருடம். 2004-இல் மக்களிடம் பழைய புத்தகங்கள் கேட்டார்; சுமார் 12 லட்சம் சேர்ந்தன. பெரும்பகுதி வடக்கே, சாலையே இல்லாமல் விமானத்தில் மட்டும் போகக்கூடிய பூர்வகுடி ஊர்களுக்கு.

என் படத்தில் அந்த வடக்கு வெறும் பச்சை நிறம். ஒரு புள்ளிகூட இல்லை. அதற்கு இன்னொரு சார்ட் வாங்கியாயிற்று. பசையில் இந்த முறை கொஞ்சம் தண்ணீர் கலக்கப் போகிறேன்.