மாத்திரை வித்த காசுல வந்த புக்கு

ஆபிரகாம் பண்டிதரோட கருணாமிர்த சாகரம் பிடிஎஃப்ப நேத்து நைட்டு மறுபடி தொறந்தேன், 1917ல தஞ்சாவூர்ல வந்த தமிழிசை ஆராய்ச்சி புக்கு, ஆயிரம் பக்கத்துக்கு மேல, நடுநடுவுல நம்பர் டேபிளா ஓடும், எனக்கோ கணக்குன்னாலே காய்ச்சல். மனுசன் சித்த வைத்தியர், கோரோசனை மாத்திரை வித்து சம்பாதிச்சத இசை ஆராய்ச்சிலயே கொட்டிருக்காரு. ஒரு ஸ்தாயிக்கு, அதாவது ‘ச’லேருந்து மேல் ‘ச’ வரைக்கும், 22 சுருதின்னு (ஸ்வரத்த விட நுணுக்கமான படிங்க) பெரிய பெரிய ஆளுங்க சொல்லிட்டிருந்தப்போ இவரு சிலப்பதிகாரத்த கையில வச்சுகிட்டு 24னு மல்லுக்கு நிக்கிறாரு, 1916ல பரோடா இசை மாநாடு வரைக்கும் மகள்களயும் கூட்டிட்டுப் போயி செஞ்சே காட்டிருக்காரு.

இத படிச்சப்பறம்தான் சிலப்பதிகாரத்துல இடைக்குலப் பொண்ணுங்க ஆடுற ஆய்ச்சியர் குரவைய ஒழுங்கா படிச்சேன். ஏழு பொண்ணுங்க வட்டமா நிக்க, மாதரி ஒவ்வொருத்திக்கும் குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம்னு ஏழு ஸ்வரத்தோட பழைய தமிழ்ப் பேர வைக்கிறா, அப்புறம் கை கோத்து ஆடுறாங்க. ஸ்வரமே ஆடுதுங்க! ஸ்கூல்ல இத ரெண்டு மார்க் கேள்வியா முடிச்சுட்டாங்க.

முழுசா பிரிண்ட் போடலாம்னு ஜெராக்ஸ் கடைல கேட்டேன், பக்க எண்ணிக்கைய பாத்துட்டு, “அண்ணே, டீ சாப்டுட்டு வாங்க”ங்கறான்.