ஈரலைத் தொங்கவிட்டுச் சிரிக்கிற சாமி

மெக்சிகோ நகரில் திங்கட்கிழமை மியூசியம் பார்க்கக் கிளம்பினால் பூட்டிய கதவைத்தான் பார்க்கலாம். நானும் பார்த்தேன். மறுநாள் திரும்பவும் மெட்ரோ பிடித்து, சோகலோ நிலையத்தில் இறங்கி, கதீட்ரலைச் சுற்றிக்கொண்டு டெம்ப்லோ மயோர் போய்ச் சேர்ந்தேன். ஸ்பானியர்கள் வருவதற்கு முன் இங்கே ஆண்ட அஸ்டெக்குகளின் பெரிய கோயில் இருந்த இடம். 1521இல் ஊரைப் பிடித்த ஸ்பானியர்கள் இடித்தது போக அடிப்பகுதிதான் மிச்சம். வெயிலில் அந்தக் கற்களை ஒரு சுற்று சுற்றிவிட்டு, மியூசியத்துக்குள் நுழைந்தேன்.

நான் பார்க்க வந்த ஆள் பெயர் மிக்ட்லான்தெகூட்லி. பாதாள உலகமான மிக்ட்லானின் ராஜா. 1994இல், கோயிலை ஒட்டிய 'கழுகு வீடு' என்ற கட்டடத்தில் கிடைத்த சுடுமண் சிலை. கிட்டத்தட்ட ஆள் உயரம். பல துண்டுகளாகச் சுட்டுப் பொருத்தியிருக்கிறார்கள். மண்டையோட்டு முகம், தலை முழுக்கச் சின்னச் சின்ன ஓட்டைகள். சுருட்டை முடி செருகுவதற்காம். நகம் நீண்ட இரண்டு கைகளையும் தூக்கி, லேசாக முன்னால் குனிந்து நிற்கிறார், பாயப்போகிற மாதிரி. ஆனால் பல்லெல்லாம் தெரிய ஒரு சிரிப்பு.

விலா எலும்புக்குக் கீழே ஏதோ பெரிதாகத் தொங்குகிறது. முதலில் ஏதோ நகை என்றுதான் நினைத்தேன். கிட்டப் போய்ப் பார்த்தால், ஈரல்! மனிதனுக்கு உள்ள உயிர்ச்சக்திகளில் ஒன்று ஈரலில் இருப்பதாக நம்பியவர்கள் அஸ்டெக்குகள். அது பாதாளத்தோடு சேர்ந்த உறுப்பாம். நாமும் பயந்தால் ஈரக்குலை நடுங்குது என்றுதானே சொல்கிறோம். இந்தச் சிலைமேல் ரத்தம் ஊற்றிய தடயமும் ஆய்வில் கிடைத்திருக்கிறது. அதைப் படித்த பிறகு அரையடி பின்னால் நகர்ந்துதான் நின்றேன்.

எனக்குப் பிடித்தது வேறு. நம் எமனுக்குச் சித்திரகுப்தன் கணக்கு எழுதுவார். இவருக்கு அந்த வேலையே இல்லை. நல்லவனா கெட்டவனா என்பது பேச்சில்லை, எப்படிச் செத்தாய் என்பதுதான். போரில் செத்தவன் சூரியனோடு போவான், தண்ணீரில் மூழ்கியவன் மழைத் தெய்வத்திடம். நோயிலோ மூப்பிலோ போனவர்கள் எல்லாரும், பிரபுவானாலும் சரி, கூலியானாலும் சரி, மிக்ட்லானுக்கு. அதுவும் உடனே இல்லை, நான்கு வருஷ நடை. மோதிக்கொள்ளும் மலைகள், கத்தி போல அறுக்கும் காற்று, அப்புறம் ஒரு ஆறு. போய்ச் சேர்ந்தால் இவரும் இவர் மனைவி மிக்தெகாசிவாட்லும் உட்கார்ந்திருப்பார்கள். அவ்வளவு நடந்து வந்தவனுக்குச் சொர்க்கம் ஒன்றும் கிடையாது. எனக்கென்னவோ இது கொஞ்சம் அநியாயமாகத்தான் பட்டது.

ஆற்றைக் கடக்க நாய் வேண்டும். 16ஆம் நூற்றாண்டில் சாஹகூன் என்ற பாதிரியார் கேட்டு எழுதி வைத்த கதை இது. வெள்ளை நாய், "இப்போதுதான் குளித்தேன்" என்று நழுவிவிடும். கறுப்பு நாய், "மேலெல்லாம் கறையாக இருக்கிறதே" என்னும். செவலை நாய்தான் எஜமானை முதுகில் ஏற்றிக்கொண்டு நீந்தும்.

அன்று சாயங்காலம் கொயோகான் பூங்காவில் ஒருவர் ஷோலோ நாயோடு உட்கார்ந்திருந்தார். இன்றைக்குப் பாதாளத்துக்கு வழித்துணை என்று எல்லோரும் கைகாட்டுவது இந்த முடியில்லாத நாட்டு நாயைத்தான். தொட்டுப் பார்க்கட்டுமா என்று சைகையில் கேட்டேன், தலையாட்டினார். தோல் வெந்நீர்ப் பை மாதிரி கதகதவென்று இருந்தது. நல்ல நாய்தான், கையை நக்கியது. ஆனால் நிறம் சுத்தக் கறுப்பு.