வாய்தா மேல் வாய்தா: ஹைகோர்ட்டில் பிரிவு 227 மனு போட்ட அனுபவம்

குடும்ப நீதிமன்றத்தில் நான்கு வருடமாகத் தேங்கிக் கிடந்த விவாகரத்து மனுவை விரைந்து முடிக்கச் சொல்லி சென்னை உயர் நீதிமன்றம் போட்ட உத்தரவு போன மாதம்தான் கைக்கு வந்தது. கீழமை நீதிமன்றங்களை உயர் நீதிமன்றம் மேற்பார்வையிடும் அதிகாரமான அரசியலமைப்புப் பிரிவு 227-இன் கீழ் நாங்கள் போட்ட சீராய்வு மனுவில் வந்தது அது. வக்காலத்து, கோர்ட் ஃபீஸ் எல்லாம் வழக்கம்போலத்தான். திணறியது தேதிகளில்.

இந்து திருமணச் சட்டம் 21பி ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்கிறது. இடைக்கால ஜீவனாம்சத்துக்கு (பிரிவு 24) 60 நாள். இரண்டு கெடுவும் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் சார்வான (போய்ச் சேர்ந்த) நாளிலிருந்துதான் ஓடும். நாங்கள் விவாகரத்து மனு தாக்கலான தேதியிலிருந்து கணக்கெழுதி, வழக்கு நிலவரம் காட்டும் இ-கோர்ட்ஸ் செயலியின் பிரிண்ட்டை மட்டும் இணைத்தோம். ஹைகோர்ட் மனு திருத்தச் சொல்லி ரிட்டர்ன் ஆனது. செயலியில் 'கவுன்ட்டருக்காக' (எதிர்த்தரப்பின் பதில் மனுவுக்காக) என்று மட்டும்தான் இருக்கும். அவகாசம் கேட்டது யார் என்று தெரியாது. அதற்கு, ஒவ்வொரு வாய்தாவிலும் நடந்ததைக் கோர்ட் எழுதிவைக்கும் நோட்ஸ் பேப்பரின் சான்றிட்ட நகல் வேண்டும்.

குடும்ப நீதிமன்றத்தில் நகல் மனு போட்டால், "கட்டு (வழக்குக் கோப்பு) பெஞ்சில் இருக்கு, அப்புறம் வாங்க" என்று கிளார்க் இரண்டு முறை திருப்பி அனுப்பினார். இரண்டு நாள் சம்பளம் போனது. வாய்தா நாளையும் அதற்கு முந்தின நாளையும் தவிர்த்துப் போங்கள், கட்டு செக்‌ஷனில் இருக்கும்.

நகல் வந்ததும் 34 வாய்தாவையும் அட்டவணையாக்கினோம்: எதிர்த்தரப்பு அவகாசம் கேட்டது 13, நீதிபதி இல்லாதது 9, கவுன்சலிங் 6, வக்கீல்கள் புறக்கணிப்பு 4, நாங்கள் கேட்டது 2. எங்கள் இரண்டையும் மறைக்கவில்லை. மறைத்தால் முதல் கேள்வியே அதுதான். இந்த அட்டவணை இல்லாமல் போகவே போகாதீர்கள். கீழமை நீதிமன்ற வழக்குகளுக்குக் காலக்கெடு விதிப்பதை உயர் நீதிமன்றங்கள் வழக்கமாக்கக் கூடாது, விதிவிலக்கான சூழலில் மட்டுமே செய்யலாம் என்று 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு சொல்லிவிட்டது. 'ரொம்ப நாளாகிறது' என்று மட்டும் எழுதினால் நிற்காது. எது விதிவிலக்கு என்று காட்ட வேண்டும். இடைக்கால ஜீவனாம்ச மனுவே முடியாமல் கிடந்ததை நாங்கள் முதல் பத்தியிலேயே வைத்தோம்.

ஜீவனாம்சம் கேட்பவர்கள் சொத்து, வருமானப் பிரமாணப் பத்திரத்தை முதலில் தாக்கல் செய்துவிடுங்கள். ரஜ்னேஷ் எதிர் நேஹா (2020) தீர்ப்புப்படி அது இரு தரப்புக்கும் கட்டாயம். நம்முடையதே பாக்கி என்றால் தாமதம் நம் தலையில் விழும். பி.என்.எஸ்.எஸ். (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்தது) 144-இல் போட்ட ஜீவனாம்ச வழக்குக்கு வழி வேறு: அதே சட்டத்தின் பிரிவு 528-இன் கீழ் ஹைகோர்ட்டில் கிரிமினல் ஓ.பி. (குற்றவியல் அசல் மனு).

உத்தரவு வந்ததும் வேலை முடிந்தது என்று நினைத்து மூன்று வாரம் சும்மா இருந்துவிட்டோம். குடும்ப நீதிமன்றத்துக்கான கெடு 'உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து' என்றுதான் அதில் இருந்தது. நகலை மெமோவுடன் (சிறு குறிப்பு மனு) குடும்ப நீதிமன்றத்தில் நாமே தாக்கல் செய்து, தேதி முத்திரையோடு ஒப்புதல் வாங்கிக்கொள்ள வேண்டும். அன்றுதான் கெடு ஓடத் தொடங்கியது. அடுத்த வாய்தாவிலேயே ஜீவனாம்ச மனுவில் வாதம் கேட்டார்கள். குறுக்கு விசாரணைக்கும் நாள் குறித்தாகிவிட்டது.