தாமதத்திற்கு வட்டி: ஒரு வழக்கின் நாட்குறிப்பு

12 ஜூலை 2024

நான் பணியாற்றி ஓய்வு பெற்ற பல்கலைக்கழகத்தின் பதில் வந்துவிட்டது. பணிக்கொடை, ஈட்டிய விடுப்புக்கான பணம், ஓய்வூதியத்தின் ஒரு பகுதியை முன்கூட்டியே மொத்தமாகப் பெறும் தொகை ஆகிய மூன்றும் நிதிநிலை சீரடைந்தவுடன் வழங்கப்படும் என்று எழுதியிருக்கிறார்கள். தொகை எனக்கு உரியது என்பதில் அவர்களுக்கும் ஐயமில்லை; தேதியை மட்டும் குறிப்பிடவில்லை. அரசியலமைப்பின் 226 ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை (ரிட்) மனு தாக்கல் செய்யத் தீர்மானித்துவிட்டேன். வட்டியைத் தனிக் கோரிக்கையாகவே எழுத வேண்டும் என்று வழக்கறிஞர் வலியுறுத்தினார். அசலை மட்டும் கேட்டால் அசலை மட்டும் தருமாறு ஆணை வரும்; கடந்துபோன காலத்திற்கு எவரும் பொறுப்பேற்க மாட்டார்கள் என்பது அவருடைய அனுபவம்.

2 செப்டம்பர் 2024

கேரள அரசுக்கும் பத்மநாபன் நாயருக்கும் இடையிலான வழக்கில் உச்ச நீதிமன்றம் 1984 இல் வழங்கிய தீர்ப்பை இன்று முழுமையாகப் படித்தேன். 1973 மே மாதம் ஓய்வு பெற்றவருக்கு 1975 ஆகஸ்டில்தான் பணம் கிடைத்தது. கடைசி ஊதியச் சான்று உரிய நேரத்தில் அனுப்பப்படாததே காரணம். ஓர் அலுவலகம் இன்னொரு அலுவலகத்துக்கு அனுப்ப வேண்டிய தாள் அது. ஓய்வூதியமும் பணிக்கொடையும் அரசு மனமுவந்து அளிக்கும் கொடையல்ல, ஊழியரின் உரிமையும் சொத்தும் ஆகும் என்றும், தவறான தாமதத்திற்குச் சந்தை வட்டியைத் தண்டமாகச் செலுத்த வேண்டும் என்றும், ஓய்வு பெற்ற நாளிலிருந்து இரண்டு மாதம் முடிந்தவுடன் அந்தப் பொறுப்பு தொடங்கிவிட வேண்டும் என்றும் அத்தீர்ப்பு கூறுகிறது. நாற்பது ஆண்டுகளுக்கு முன்பே தீர்ந்த கேள்வியை, ஒவ்வொரு ஓய்வூதியரும் தன் செலவில் மீண்டும் நீதிமன்றத்துக்குக் கொண்டுசெல்ல வேண்டியிருப்பது எனக்குப் பெரும் வேதனையளிக்கிறது.

19 நவம்பர் 2024

எதிர்வாக்குமூலங்கள் தாக்கலாகியுள்ளன. அரசு மானியம் வரவில்லை என்கிறது பல்கலைக்கழகம்; பல்கலைக்கழகம் தன்னாட்சி பெற்ற அமைப்பு, அதன் ஓய்வூதியப் பொறுப்பு அதனுடையதே என்கிறது அரசு. கட்டணம், பாடப்பிரிவு, பணியிடம் ஆகியவற்றுக்கெல்லாம் அரசின் ஒப்புதலைப் பெற்றாக வேண்டிய நிறுவனம், பணம் தர வேண்டிய நாளில் மட்டும் எப்படி முழுத் தன்னாட்சி அடைகிறது? பீகாரில் அரசு நிறுவனங்களின் ஊழியர்கள் ஊதியமின்றித் தவித்தபோது, கபிலா ஹிங்கோரானி வழக்கில் 2003 இல் உச்ச நீதிமன்றம், அவை தனி நிறுவனங்கள் என்று சொல்லி மாநில அரசு முற்றிலுமாக ஒதுங்கிவிட முடியாது என்றது. அதையே எங்கள் பதிலுரையில் முதன்மையாக வைத்திருக்கிறோம்.

17 டிசம்பர் 2024

இன்று ஓய்வூதியர் நாள். ஓய்வூதியம் கருணைக் கொடையல்ல, உரிமை என்று உச்ச நீதிமன்றம் கூறிய நகாரா வழக்கின் தீர்ப்பு 1982 இல் இதே நாளில்தான் வந்தது.

உடன் பணியாற்றிய நண்பர் ஒருவரைப் பார்த்துவிட்டு வந்தேன். பல ஆண்டுகளுக்கு முன் அவருக்குச் செய்த ஊதிய நிர்ணயம் தவறு என்று ஓய்வு பெறும் தறுவாயில் தணிக்கையில் ஆட்சேபம் எழுப்பி, அதைக் காட்டிப் பணிக்கொடை முழுவதையும் நிறுத்திவைத்திருக்கிறார்கள். கணக்கிட்டது அலுவலகம், அவர் எதையும் மறைக்கவில்லை. ஓய்வு பெற்றவர்களிடமிருந்தும் ஓராண்டுக்குள் ஓய்வு பெறவிருப்பவர்களிடமிருந்தும் இப்படிக் கூடுதலாக வழங்கிய தொகையைப் பிடித்தம் செய்யக் கூடாது என்று ரஃபீக் மசீஹ் வழக்கில் 2014 இல் உச்ச நீதிமன்றம் வரையறுத்திருப்பதைச் சொன்னேன். அவரிடம் பணிப்பதிவேட்டின் நகல் இல்லை. அதை இனித் தகவல் உரிமைச் சட்டத்தின் வழியே கேட்டுப் பெற வேண்டும். பணியில் இருக்கும்போதே அந்த நகலை வாங்கி வைத்துக்கொள்ளும்படி இதைப் படிக்கும் இளையவர்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

6 மார்ச் 2025

ஆணை வந்தது. பன்னிரண்டு வாரங்களுக்குள் மூன்று தொகைகளையும் வழங்க வேண்டும். ஆண்டுக்கு 6 விழுக்காடு வட்டியும் உண்டு, ஆனால் அது மனு தாக்கலான நாளிலிருந்துதான்.

24 ஜூன் 2025

கெடு முடிந்தும் பணம் வராததால் நீதிமன்ற அவமதிப்பு மனு தயாரானது. அத்தகைய மனுவுக்கு ஓராண்டுதான் காலவரம்பு என்பதால் தள்ளிப்போட இடமில்லை. மனுவின் நகல் போய்ச் சேர்ந்த பிறகு அசல் முழுவதும் வங்கிக் கணக்கில் வந்திருக்கிறது. வட்டி வரவில்லை. நிதி இல்லை என்று உறுதிமொழி அளித்த அதே அலுவலகத்துக்கு, அதிகாரி நேரில் நிற்க வேண்டிய நிலை வந்ததும் நிதி கிடைத்திருக்கிறது. பணம் தராமல் இருப்பதற்கு எந்த விலையும் இல்லாதவரை ஓய்வூதியரின் கோப்பு எப்போதும் கடைசியில்தான் இருக்கும் என்று நான் கருதுவது இதனால்தான்.

மனு தாக்கலான நாளுக்கு முந்தைய காலத்தின் வட்டிக்காக மேல்முறையீடு செய்கிறோம். ஓய்வு பெற்ற இரண்டு மாதங்களிலிருந்து கணக்கிட வேண்டும் என்பது முதல் கோரிக்கை. அந்த வட்டியைப் பல்கலைக்கழகத்தின் ஓய்வூதிய நிதியிலிருந்து எடுக்கக் கூடாது, எடுத்தால் வரிசையில் காத்திருக்கும் மற்றவர்களின் பணமே எனக்கு வந்து சேரும் என்பது இரண்டாவது. தாமதத்துக்குக் காரணமானவர்களைக் கண்டறிந்து அவர்களிடம் வசூலிக்குமாறு கேட்டிருக்கிறோம். வரைவு நாளை கையொப்பத்துக்கு வருகிறது.