கார்னிஷீ பேப்பரும் அரெஸ்ட் பயமும்

தென்னாப்பிரிக்கா டர்பன்ல ஜேக்கப்ஸ் பக்கம் ஒரு ஃபேக்டரில பேரோல் பாக்குறேன். சம்பளம் போடுறதுகூட ஈசி, இந்த கார்னிஷீ பேப்பருங்கதான் தலைவலி. கோர்ட் சீலோட வரும், கடன் பாக்கிக்காக இன்னார் சம்பளத்துல மாசம் இவ்ளோ ரேண்ட் புடிச்சு இந்த வக்கீலுக்கு அனுப்புன்னு. உத்தரவு கம்பெனிக்கு, புடிக்காம விட்டா எங்க தலைலதான் விடியும். பேஸ்லிப்ப பாத்த ஆளு நேரா என்கிட்டதான் வருவாங்க, ஏதோ நான் எடுத்து பாக்கெட்டுல போட்டுக்கிட்ட மாதிரி.

ஆனா பாதி கூத்து அந்த பேப்பர் வர்றதுக்கு முன்னாடியே நடந்து முடிஞ்சிருக்கும். சாட்ஸ்வர்த்துல இருந்து வர்ற ஒரு ஆன்ட்டி, தையல் செக்ஷன், ஃபோன நீட்டுனாங்க. 'வாரண்ட் ஆஃப் அரெஸ்ட்'னு கொட்டை எழுத்துல ஒரு எஸ்எம்எஸ், கேஸ் நம்பர் இல்ல, கோர்ட் பேர் இல்ல, கீழ ஒரு செல் நம்பர் மட்டும். "தம்பி, பேரப்புள்ளைங்க முன்னாடி போலீஸ் வந்து கூட்டிட்டு போகுமா?"ன்னு கேக்குறாங்க. கடன் என்னன்னா, சோஃபா செட்.

கடனுக்காக ஜெயில்ங்கிறது இங்க 1995லயே போயிடுச்சு. அதுக்கு முன்னாடி மாஜிஸ்ட்ரேட் கோர்ட் சட்டப்படி 90 நாள் வரைக்கும் உள்ள வைக்கலாம், கோட்ஸீ கேஸ்ல கான்ஸ்டிட்யூஷனல் கோர்ட் அத செல்லாதுன்னு சொல்லிடுச்சு. இப்ப வாரண்ட் வர்றது வேற விஷயத்துக்கு, ஜட்ஜ்மென்ட் ஆனப்புறம் உன் வரவு செலவ வந்து சொல்லுன்னு அதே சட்டத்தோட 65ஏ பிரிவுல நோட்டீஸ் வரும், அதுக்கு போகாம இருந்தா ஷெரிஃப், அதாவது கோர்ட் அதிகாரி, புடிச்சு கோர்ட்டுல கொண்டாந்து நிறுத்தலாம். அதனால ஷெரிஃப் கொண்டாந்து குடுக்குற பேப்பர டிராயருக்குள்ள போட்டு மூடக்கூடாது, இத நான் எல்லார்கிட்டயும் கத்தாத குறையா சொல்றேன்.

பயத்துல என்ன பண்றாங்கன்னா கடன் வசூல் பண்ற ஆபீஸ்காரன் நீட்டுன, சம்பளத்துல புடிச்சுக்கோன்னு சொல்ற சம்மத பேப்பர்ல கையெழுத்து போட்டுர்றாங்க. ஆன்ட்டிக்கும் ஒன்னு குடுத்திருந்தான், மாசத் தொகை எழுதுற இடம் காலியா இருந்துச்சு, கையெழுத்து போடுற இடத்துல மட்டும் பென்சில்ல பெருக்கல் குறி. என்ன கேட்டா அரெஸ்ட்ங்கிற வார்த்தையே இந்த கையெழுத்துக்காகத்தான். போலீஸ அனுப்பி அவனுக்கு என்ன லாபம், சம்பளத்துல கை வச்சாத்தானே காசு.

முன்னாடி இன்னும் மோசம், மாஜிஸ்ட்ரேட் பாக்காமலே கிளார்க் ஆர்டர் போட்டுருவாரு, கேப் பக்கம் தோட்டத்துல வேல பாக்குறவங்களுக்கு எங்கயோ இருக்குற கிம்பர்லி கோர்ட்டுல இருந்து ஆர்டர் வரும். ஸ்டெல்லன்பாஷ் யூனிவர்சிட்டி லீகல் எய்ட் கிளினிக் போட்ட கேஸ்ல 2016ல தீர்ப்பு வந்துச்சு, மாஜிஸ்ட்ரேட்டே உக்காந்து இந்தாளால கட்ட முடியுமான்னு பாத்துட்டுத்தான் ஆர்டர் போடணும்னு. 2018 ஆகஸ்ட்ல இருந்து எத்தன கார்னிஷீ இருந்தாலும் மொத்தமா பேசிக் சம்பளத்துல 25 சதவீதத்த தாண்டக்கூடாது. ஆனா மஷோனிசாகிட்ட, அதான் லைசென்ஸ் இல்லாத வட்டிக்காரன்கிட்ட, பேங்க் கார்டயே அடகு வச்சிட்டு வர்றவனுக்கு இந்த 25 எல்லாம் எந்த மூலைக்கு?

ஆன்ட்டி கையெழுத்து போடல. என் டேபிள்ல இருந்தே அந்த நம்பருக்கு அடிச்சு கேஸ் நம்பர் கேட்டாங்க, எந்த கோர்ட்டுன்னு கேட்டாங்க, அவன் வச்சிட்டான். அடுத்த மாசம் மறுபடியும் அதே எஸ்எம்எஸ் வந்துச்சு, லீகல் எய்டுல கொண்டு போய் காட்டிருக்காங்க.

இத பாத்துட்டு ஒரு மெஷின் ஆபரேட்டர் தம்பியும் வந்தான், எனக்கும் ஒன்னும் ஆகாதுல்ல அண்ணான்னு. அவனுது புள்ளைக்கு கட்ட வேண்டிய மெயின்டனன்ஸ், பல மாசம் பாக்கி. அது கிரிமினல் குத்தம், நெஜமாவே ஜெயில் வரைக்கும் போகும். வேலைநேரம் கொறஞ்சு சம்பளம் கொறஞ்சிருச்சுன்னா அத மெயின்டனன்ஸ் கோர்ட்டுல போய் சொல்லி தொகைய மாத்த கேளுடான்னு, அவனோட பேஸ்லிப் எல்லாத்தையும் பிரிண்ட் எடுத்து குடுத்தேன்.