உச்சிப்பொழுதுப் பேய்: படப்பிடிப்பு நாட்குறிப்பு

ஆகஸ்ட் 4
குண்டடம் பக்கம், தோட்டத்துச் சாளையில் ஜாகை. ஆடி முடியப் போகிறது, காற்று அடங்கக் காணோம். பாலக்காட்டுக் கணவாயில் நுழைந்து வருவது காற்றாலைகளுக்குக் கொண்டாட்டம், எங்கள் சவுண்டுத் தம்பிக்குத் திண்டாட்டம். மைக்குக்கு மயிர்க்குல்லா போட்டும் பொதபொதவென்று அடிக்கிறது.

தயாரிப்பாளர் போனில் மறுபடியும் கேட்டார்: "பேய்ப்படத்துல ராத்திரியே இல்லீங்களா?" ஒரு பங்களாவாவது வேண்டுமாம். இந்த மானாவாரிக் காட்டில் பங்களாவுக்கு எங்கே போக? எங்கள் ஆத்தா இருட்டைச் சொல்லி மிரட்டியதே இல்லை. "உச்சிப்பொழுதுல கெணத்து மேட்டுக்குப் போகாத கண்ணு, கன்னிமாரு நடமாடற நேரம்" என்பாள். சுற்றிலும் ஆள் அரவமில்லை, ஒதுங்க மரமில்லை, கண் கூசும் வெயில். அந்தப் பயம்தான் படம்.

ஆகஸ்ட் 9
உடுக்கடிப் பாட்டுக்காரர் வந்தார். அண்ணன்மார் கதையைப் பொழுதுக்கும் பாடுவார். பொன்னர், சங்கர் மாண்டு கிடக்க, தங்காள் தேடிப்போய் எழுப்புகிற படுகளத்தைப் பாடச் சொன்னேன்.

"அதைச் சும்மா பாடக்கூடாதுங் தம்பி. கேக்கறவங்க விழுந்தா எழுப்பறதுக்கு ஆளு வேணுமில்லீங்?"

கோயில் படுகளத்தில் அருள் வந்து விழுந்தவர்களை வரிசையாகக் கிடத்தி, துணி போர்த்தியிருப்பதைப் பார்த்தவன் நான். வற்புறுத்தவில்லை. உடுக்கையை மட்டும் வாசிக்கக் கேட்டேன். இடைக்கயிற்றை விரலால் இறுக்க இறுக்கச் சுதி ஏறி, விட்டதும் முனகலாக இறங்கியது. வசனமே வேண்டாமென்று நாலு பக்கத்தைக் கிழித்துவிட்டேன்.

ஆகஸ்ட் 16
கேமராக்காரர் ஒரு சங்கதி சொன்னார். ஆகஸ்ட் 24, 25 வாக்கில் இங்கே சூரியன் நேர் உச்சிக்கு வரும். பகல் 12.20ஐ ஒட்டி, நட்ட குச்சிக்குக்கூட நிழல் விழாது. பேய்க்கு நிழல் கிடையாது என்றுதானே கேட்டு வளர்ந்தோம்? திருப்பிப் போட்டேன்: களத்து மேட்டில் நிற்கிற அத்தனை பேருக்கும் நிழல் போய்விடுகிறது, ஒருத்திக்கு மட்டும் நீளமாகக் கிடக்கிறது. அவள் நிழலை மாலையில் தனியாக எடுத்து ஒட்டிக்கொள்ளலாம்.

ஆகஸ்ட் 20
ஒத்திகை. வெயிலில் நின்று இரண்டு பேருக்கு மயக்கம். நீர்மோர் கொடுத்து அனுப்பினோம்.

ஆகஸ்ட் 25
நேற்று மேகம். இன்று 12 மணிவரை பளிச்சென்று இருந்துவிட்டு, சரியான நேரத்துக்கு மேற்கேயிருந்து மூடிக்கொண்டு வந்தது. கூடியிருந்த ஊர்க்காரர்களில் ஒரு அப்பாரு மட்டும் சிரித்தார்: "மழ வந்தா நல்லதுதானுங்."

சூரியன் இதே இடத்துக்கு ஏப்ரல் 18 வாக்கில் மறுபடி வரும். அன்றைக்கு வானம் தெளிந்திருக்க வாய்ப்பு அதிகம், ஆனால் சித்திரையில் இந்தக் காற்று இருக்காது. சவுண்டுத் தம்பியைக் கிணற்றுக்குள் பாதிப் படி இறக்கி உட்கார வைத்திருக்கிறேன். மேலே ஊளையிடுவது அங்கே வேறு மாதிரி கேட்கிறதாம். பேட்டரி தீருகிறவரை பதியட்டும்.