சித்திரகுப்தருக்கு ஒரு நோட்டும் பேனாவும்

அம்மாவின் வேண்டுதல் ரெண்டு வருஷமாகப் பாக்கி நின்றது. அப்பாவுக்கு வலப்பக்கம் வாதம் அடித்து ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, வராந்தாவில் உட்கார்ந்து வேண்டிக்கொண்டாளாம்: "அவர் மறுபடியும் பேனா பிடிச்சு எழுதிட்டா, காஞ்சிபுரத்துக்கு அவரையே கூட்டிட்டு வந்து நோட்டும் பேனாவும் உன் காலடியில வைக்கிறேன்." எந்தச் சாமியிடம் என்று கேட்க வேண்டியதே இல்லை, எமலோகத்தில் பாவ புண்ணியக் கணக்கு எழுதும் சித்திரகுப்தரிடம்தான். அப்பா அருப்புக்கோட்டையில் ஒரு அரிசி மண்டியில் முப்பத்தெட்டு வருஷம் கணக்கு எழுதியவர். எங்கள் வீட்டில் சித்ரா பௌர்ணமி என்றால் உப்பில்லாச் சாப்பாடு, பசும்பால் தொடக் கூடாது, ராத்திரி விளக்கேற்றி சித்திரபுத்திர நாயனார் கதை வாசிப்பு; சித்திரகுப்தரை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வோம். கதையில் அமராவதியை எமலோகத்திலிருந்து பூமிக்குத் திருப்பி அனுப்பும் இடம் வருவதற்குள் நான் தூங்கிப் போயிருப்பேன்.

கரண்டி பிடிக்க ஆறு மாசம், சட்டைப் பொத்தான் போட ஒரு வருஷம். பேனாதான் கடைசி. போன தை மாசம் பால்காரர் கணக்கைக் காலண்டரில் அவரே எழுதினார், கோணல்மாணலாக. அம்மா அந்தக் காலண்டர் தாளைக் கிழித்து சாமி அலமாரியில் வைத்துவிட்டு, "இந்த சித்ரா பௌர்ணமிக்குக் கிளம்பணும்" என்றாள்.

2024 ஏப்ரல் 23, செவ்வாய்க்கிழமை. தாம்பரத்திலிருந்து செங்கல்பட்டு வழியாக ரயிலில் போனோம். உட்கார இடம் கிடைத்ததே புண்ணியம். அன்றைக்குத்தான் வரதராஜப் பெருமாள், படியிறங்கிப் போகும் நடவாவிக் கிணற்றின் உற்சவத்துக்கு ஐயங்கார்குளம் எழுந்தருளுகிற நாளும், அதனால் ஊரே ஜனம். ஸ்டேஷன் வாசலில் ஆட்டோக்காரர் ஒருவர் "சித்திரகுப்தர் கோயிலா, வாங்க சார், நெல்லுக்காரத் தெரு, அஞ்சு நிமிஷம்" என்று ஏற்றிக்கொண்டு நேராக ஒரு பட்டுப் புடவைக் கடை வாசலில் நிறுத்தினார். "சும்மா பார்த்துட்டு வாங்கம்மா, வாங்கணும்னு இல்ல." வேண்டாம் என்றால் இன்னொரு கடை. எழுபத்து நாலு வயசு மனுஷர் கைத்தடியோடு பின்னால் உட்கார்ந்திருக்கிறார், வெயில் மண்டையைப் பிளக்கிறது, இவருக்குக் கடைக் கமிஷன். கடைசியில் கோயில் பக்கம் இறக்கிவிட்டு இருநூறு ரூபாய் வாங்கிக்கொண்டுதான் போனார். அந்தக் கோயில் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்திலேயே இருக்கிறது, பஸ்ஸில் வந்திருந்தால் நடந்தே போயிருக்கலாம் என்று இறங்கிய பிறகுதான் தெரிந்தது.

வரிசை கடைகளை ஒட்டித் தெருவில் வளைந்து நின்றது. கேதுவுக்கு அதிதேவதை சித்திரகுப்தர் என்பதால் கேது பரிகாரம் செய்ய வந்தவர்கள் கொள்ளுத் தானியமும் பலவண்ணத் துணியுமாக நின்றார்கள். எங்கள் முன்னால் ஒரு அம்மா தன் ஆட்கள் பதினோரு பேரை "இங்கதான் நிக்கிறாங்க, இப்ப வந்துருவாங்க" என்று ஒவ்வொருவராக உள்ளே இழுத்துக்கொண்டிருந்தார். பாவ புண்ணியம் எழுதுகிறவர் வாசலில் நின்றுகொண்டே இதைச் செய்ய ஒரு தைரியம் வேண்டும். அப்பாவை ஒரு கடைக்காரர் கூப்பிட்டு ஸ்டூல் போட்டு உட்கார வைத்தார். அந்தப் புண்ணியவானுக்கு நல்லது நடக்கட்டும்.

அம்மா வரிசையிலேயே ஆரம்பித்துவிட்டாள்: "மலையளவு செஞ்ச பாவத்தைக் கடுகளவா எழுதிக்கப்பா, கடுகளவு செஞ்ச புண்ணியத்தை மலையளவா எழுதிக்கப்பா." இதற்கு வருஷா வருஷம் வீட்டில் சண்டை வரும். இது கள்ளக்கணக்கு, ஒரு கணக்குப்பிள்ளையிடம் போய் கேட்கக் கூடாத உதவி என்பது அப்பாவின் கட்சி. முதலாளி கேட்டே எழுதிக் கொடுக்காதவர் அவர். அன்றைக்கும் ஸ்டூலிலிருந்து, "உள்ளதை உள்ளபடி எழுதுங்கன்னு கேளு" என்றார். அம்மா திரும்பினாள். "உள்ளபடி எழுதியிருந்தா நீங்க இன்னைக்கு இங்க உக்காந்திருப்பீங்களா?" அப்பா வாயைத் திறக்கவில்லை.

உள்ளே போய் நின்றபோது எத்தனை நிமிஷம் கிடைத்தது என்று எனக்குத் தெரியாது, அரை நிமிஷம் இருக்கலாம். தீபம் காட்டினார்கள். அமர்ந்த கோலம், இடக்கையில் ஏடு, வலக்கையில் எழுத்தாணி. அம்மா அழுதுகொண்டிருந்தாள். அப்பா கும்பிடவில்லை. எழுத்தாணி பிடித்த அந்த வலக்கையையே பார்த்துக்கொண்டு நின்றார், மண்டியில் பக்கத்து மேஜைக்காரரைப் பார்ப்பது மாதிரி. பின்னாலிருந்து தள்ளுகிறார்கள், "நகருங்க, நகருங்க" என்கிறார்கள், நான் அவர் இடுப்பைப் பிடித்திருக்கிறேன். அப்போதுதான் பார்த்தேன், கைத்தடியின் மேல் அவர் வலக்கைக் கட்டைவிரலும் ரெண்டு விரலும் சேர்ந்து லேசாக அசைந்துகொண்டிருந்தன. எழுதுவது மாதிரி. என் சாமி, எங்கப்பன் சித்திரபுத்திரா, அதற்கு மேல் எனக்கு ஒன்றும் வேண்டிக்கொள்ள வரவில்லை. என் மகளின் பிளஸ் டூ, வீட்டு லோன் எல்லாம் பட்டியல் போட்டு வைத்திருந்தேன், ஒன்றுமே ஞாபகம் இல்லை. நன்றி நன்றி என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன், அதுவும் சத்தமாக என்று அம்மா பிற்பாடு சொன்னாள்.

குருக்கள் நோட்டையும் பேனாவையும் சாமி காலடியில் வைத்துக் குங்குமத்தோடு திருப்பிக் கொடுத்தார். சாயங்காலம் வரை இருக்கலாம் என்றேன், அப்பாவால் முடியாது என்று அம்மா சொல்லிவிட்டாள். நடவாவிக் கிணறும் பார்க்கவில்லை, சரி, பெருமாள் கூப்பிடும்போது போவோம்.

வெளியே வந்து அதே கடைக்காரர் ஸ்டூலில் அப்பா உட்கார்ந்தார். நீர்மோர் குடித்தார். நோட்டை மடியில் வைத்து முதல் பக்கத்தில் பிள்ளையார் சுழி போட்டார், அதற்குக் கீழே "லாபம்" என்று எழுதினார். மண்டியில் மரக்காலால் அளக்கும்போது ஒன்று என்று சொல்ல மாட்டார்கள், லாபம் என்றுதான் எண்ணிக்கை ஆரம்பிக்கும். எழுத்து கொஞ்சம் சாய்ந்திருந்தது, ஆனால் அவர் எழுத்துதான். அப்புறம் செலவுப் பக்கம் வந்தார். ரயில் டிக்கெட். பூ, தேங்காய், அர்ச்சனை. தட்சிணை.

"ஆட்டோவுக்கு எவ்வளவு குடுத்த?"

நூறு என்று சொன்னேன். இருநூறு என்றால் ஊர் போய்ச் சேரும் வரை திட்டுவார். பேனா தாளுக்கு மேலேயே நின்றது. நான் கோயில் வாசலைப் பார்த்தேன். அம்மா என்னைப் பார்த்தாள்.

"இருநூறுப்பா" என்றேன்.

எழுதிக்கொண்டார்.